காலை உணவுக்குத் தயிர்க் குச்சி ஐஸ்: எந்தத் தயிர், எந்தப் பழம், எந்த அச்சு?

மே மாதம் மதுரையில் காலை 8 மணிக்கே அடுப்படிச் சுவர் சுடும். எங்கள் வீட்டில் 9 வயது மகளும் 6 வயது மகனும் அந்த மாதம் முழுக்க இட்லித் தட்டைத் தள்ளிவிட்டு, ஒரு சொம்புத் தண்ணீரைக் குடித்துவிட்டு விளையாட ஓடிவிடுவார்கள். 10 மணிக்குப் பசி தாங்காமல் திரும்பி வந்து பிஸ்கட் டப்பாவைத் திறப்பார்கள். இதற்கு வழி தேடித்தான் போன வருடக் கோடை விடுமுறையில் தயிரும் பழமும் சேர்த்துக் குச்சி ஐஸ் போடத் தொடங்கினேன். இந்த இரண்டு கோடையில் ஏறக்குறைய எல்லா விதமாகவும் போட்டுப் பார்த்தாயிற்று. சிலது நன்றாக வந்தது, சிலதைக் குப்பையில் கொட்டினேன்.

வழிகள் நான்கு. வெறும் பழத்தை அரைத்து உறைய வைக்கலாம். தயிரையும் பழத்தையும் அப்படியே அடித்து உறைய வைக்கலாம். தயிரில் தண்ணீரை வடித்துவிட்டு, அந்தக் கட்டித் தயிரோடு பழமும் அவலும் சேர்த்து உறைய வைக்கலாம். அல்லது உறையவே வைக்காமல் லஸ்ஸியாக அடித்துக் கொடுத்துவிடலாம். இவற்றில் எதைச் செய்வது என்று பார்க்கும்போது நான் முதலில் கேட்பது, சாப்பிட்ட பிள்ளைக்கு 11 மணி வரை வயிறு தாங்குமா என்பதைத்தான். முந்தின நாள் ராத்திரி எனக்கு எத்தனை நிமிட வேலை என்பது அடுத்தது. ருசியெல்லாம் அதற்குப் பிறகுதான். என் தேர்வு மூன்றாவது வழி. ஏன் என்று சொல்கிறேன்.

அதற்கு முன்னால் எல்லா வீட்டிலும் எழும் கேள்வி ஒன்று இருக்கிறது. “ஏம்மா, காலங்காத்தால வெறும் வயித்துல ஐஸா குடுக்குற? சளி பிடிச்சுக்கிரும்” என்று அத்தை முதல் நாளே தடுத்தார். பேரப்பிள்ளைகள் மேல் உள்ள அக்கறை அது. சளியைக் கொண்டுவருவது வைரஸ். குளிர்ந்த பண்டத்தால் சளி பிடிப்பதில்லை. ஆனால் வீசிங் உள்ள பிள்ளைக்குக் குளிர்ச்சி இருமலைக் கிளப்பிவிடலாம். அப்படிப்பட்ட பிள்ளை இருக்கும் வீட்டில் மருத்துவரைக் கேட்காமல் இதைத் தொட வேண்டாம். இதை அத்தையிடம் பாடமாக நடத்த எனக்கு மனம் வரவில்லை. “சின்ன வயசுல நீங்க காலையில என்ன அத்தை சாப்பிட்டீங்க?” என்று மட்டும் கேட்டேன். “பழைய சோறும் தயிரும், கடிச்சுக்க வெங்காயமும்” என்றார். ராத்திரி முழுக்கத் தண்ணீரில் கிடந்து குளிர்ந்த சோறும் தயிரும்தான் நம் ஊரில் சித்திரை வைகாசிக் காலை உணவாக இருந்திருக்கிறது. அன்றைக்குப் பிறகு தயிர் வடிக்கும் வேலையை அத்தையே எடுத்துக்கொண்டார்.

முதலில் வெறும் பழ ஐஸ். செய்வதற்கு இதுதான் மிகச் சுலபம். தர்பூசணியைத் துண்டு போட்டு மிக்ஸியில் ஒரு சுற்று, விதையை வடிகட்டு, அச்சில் ஊற்று, முடிந்தது. 5 நிமிடம் கூட ஆகாது. நிறமும் கண்ணைப் பறிக்கும். ஆனால் பிள்ளைகள் இரண்டு உறிஞ்சு உறிஞ்சியதும் சிவப்பெல்லாம் போய், குச்சியில் வெள்ளைப் பனிக்கட்டி மட்டும் நிற்கும். தர்பூசணியில் 100க்கு 92 பங்கு தண்ணீர். தண்ணீர் உறையும்போது தனக்குள் சர்க்கரையைச் சேர்த்துக்கொள்ளாது. சர்க்கரையும் நிறமும் கட்டிகளுக்கு நடுவே பாகாக ஒதுங்கி நிற்கும். உறிஞ்சினால் அந்தப் பாகுதான் முதலில் வாய்க்கு வரும். மிஞ்சுவது சப்பென்ற ஐஸ். அதைவிட முக்கியமாக, இதில் புரதமும் இல்லை, கொழுப்பும் இல்லை. 8 மணிக்குச் சாப்பிட்டால் 9 மணிக்கெல்லாம் “அம்மா, பசிக்குது” என்று வந்து நிற்பார்கள். சாயங்காலம் 4 மணிக்கு, வெயிலில் ஆடிவிட்டு வரும் பிள்ளைக்கு இதைப் போல் நல்லது வேறில்லை. காலைக்கு இது வேண்டாம்.

அடுத்து, வீட்டுத் தயிரைப் பழத்தோடு அப்படியே அடித்து உறைய வைப்பது. இணையத்தில் பார்க்கும் செய்முறைகளில் பெரும்பாலும் இதுதான் இருக்கும். நானும் இதில்தான் தொடங்கினேன். நீலப் பாக்கெட் டோன்ட் பாலில் உறை ஊற்றிய தயிர், ஒரு வாழைப்பழம், கொஞ்சம் சர்க்கரை. மறுநாள் காலையில் எடுத்தால் கல். மகன் கடிக்கப் பார்த்து, பல் கூசி, தட்டில் வைத்துவிட்டான். காரணம் புரிய எனக்கு ஒரு வாரம் ஆனது. பாலில் 87 பங்கு போலத் தண்ணீர்தான். அதிலிருந்து வரும் தயிரும் அப்படித்தான். கடையில் ஐஸ்கிரீம் போல விற்கும் உறைதயிரை (ஃப்ரோசன் யோகர்ட்) இயந்திரம் சுழற்றிக்கொண்டே உறைய வைக்கிறது. காற்றும் உள்ளே போகிறது, பனிக்கட்டிகளும் பெரிதாகாமல் உடைந்துகொண்டே இருக்கின்றன. நம் வீட்டு ஃப்ரீசரில் யாரும் சுழற்றுவதில்லை. கலவை அசையாமல் மெதுவாக உறையும், கட்டிகள் ஊசி ஊசியாக நீளும். அவற்றைத் தடுப்பதற்குக் கொழுப்போ, சர்க்கரையோ, புரதமோ, நார்ச்சத்தோ ஏதாவது திடமான பொருள் நடுவில் இருக்க வேண்டும். 3% கொழுப்புள்ள டோன்ட் பாலில் அது குறைவு. 6% கொழுப்புள்ள ஆரஞ்சுப் பாக்கெட் பாலுக்கு மாறியதும் வித்தியாசம் நாக்கில் தெரிந்தது. ஆனாலும் மணல் மணலாக ஒரு நெருடல் இருந்துகொண்டே இருந்தது.

இதைச் சரிசெய்யப் பலர் கண்டென்ஸ்டு மில்க் ஊற்றச் சொல்வார்கள். ஊற்றினால் நிச்சயம் வெண்ணெய் போல வரும், அவ்வளவு சர்க்கரை உறைதலைத் தள்ளிப்போடும் என்பதால். ஆனால் அப்புறம் அது காலை உணவு என்ற கணக்கில் வராது. அதை ஞாயிற்றுக்கிழமை மதியச் சாப்பாட்டுக்குப் பிறகு வைத்துக்கொள்ளலாம்.

இனி என் தேர்வுக்கு வருகிறேன். தயிரை ஒரு சுத்தமான பழைய வேட்டித் துணியில் கொட்டி, மூட்டையாகக் கட்டி, வடிகட்டி மேல் வைத்து, கீழே ஒரு பாத்திரம் வைத்து, அப்படியே ஃப்ரிட்ஜுக்குள் 4 மணி நேரம் விட்டுவிட வேண்டும். ஃப்ரிட்ஜுக்கு வெளியே, அடுப்படிக் கொக்கியில் தொங்கவிடுகிற பழக்கம் மார்கழியில் சரி. மே மாதத்தில் 2 மணி நேரத்தில் தயிர் புளித்துவிடும். புளித்த தயிரை எவ்வளவு மாம்பழம் போட்டாலும் மறைக்க முடியாது. அரை லிட்டர் பால் தயிர், வடித்த பிறகு ஏறக்குறைய 250 கிராம் நிற்கும். கரண்டியால் எடுத்தால் விழாத பதம். பாதிக்குப் பாதி தண்ணீர் போய்விட்டதால் பனிக்கட்டி கட்டுவதற்கு ஆளில்லை. உறைந்த பிறகும் கடித்தால் பல்லில் குல்ஃபி போல இறங்கும்.

வடிந்த தண்ணீரைக் கொட்டாதீர்கள். அத்தை அதில் சப்பாத்தி மாவு பிசைவார். சில நாள் ரசத்தில் புளியைக் குறைத்துக்கொண்டு அதை ஊற்றுவார். இரண்டுமே நன்றாக இருக்கும்.

கடையில் கிரேக்கத் தயிர் என்று டப்பாவில் வருவதும் இப்படி வடித்ததுதான். நேரமில்லாதவர்கள் வாங்கலாம், தவறில்லை. ஆனால் வாங்குவதற்கு முன் டப்பாவின் பின்பக்கம் சர்க்கரை சேர்த்திருக்கிறதா என்று பாருங்கள். பழச் சுவையோடு வரும் தயிர்களில் பெரும்பாலும் சேர்த்திருப்பார்கள். வெறும் தயிராக வரும் டப்பாவில் நம் பழத்தை நாம் போட்டுக்கொள்வது நல்லது. அதே காசுக்கு வீட்டில் எவ்வளவு தயிர் வடிக்கலாம் என்று ஒரு தடவை கணக்குப் போட்டுப் பார்த்தபின் நான் டப்பா வாங்குவதை விட்டுவிட்டேன்.

பழத்தில் மாம்பழத்துக்குத்தான் முதல் இடம். அதிலும் பங்கனப்பள்ளி. நார் இல்லை, சதை கெட்டி, இனிப்பு அளவானது, மே மாதம் முழுக்கக் கிடைக்கும். இமாம்பசந்து கிடைத்தால் இன்னும் மணக்கும். ஆனால் அந்தப் பழத்தை அப்படியே அறுத்துச் சாப்பிடாமல் ஐஸில் போட எனக்கு மனம் ஒப்பவில்லை. நார் உள்ள நாட்டு மாம்பழம் என்றால் அரைத்தபின் கட்டாயம் வடிகட்ட வேண்டும். இல்லாவிட்டால் உறைந்த நார் பல்லிடுக்கில் சிக்கும், பிள்ளை இரண்டாவது தடவை கேட்காது. கிளிமூக்கு புளிப்பு, தயிரும் புளிப்பு. அந்த இரண்டையும் சேர்க்க வேண்டாம்.

மாம்பழம் ஓய்ந்ததும் வாழைப்பழம். இதில் எந்த வாழை என்பதுதான் கேள்வி. தோலில் கரும்புள்ளி விழுந்த பச்சை வாழை நன்றாகக் குழைந்து கலவைக்கு ஒரு பசைத்தன்மை தரும், விலையும் குறைவு. பூவன் கொஞ்சம் புளிக்கும். எங்களுக்குச் சிறுமலையிலிருந்து வரும் மலைவாழை கிடைக்கிறது. சின்னப் பழம், ஈரம் குறைந்த சதை, நல்ல மணம். ஈரம் குறைவு என்பதாலேயே ஐஸ் மிக மிருதுவாக வரும். விலை கூடத்தான், 2 பழம் பச்சை வாழையோடு 1 மலைவாழை சேர்த்தால் மணம் வந்துவிடும். வாழை கறுத்துப்போகும் என்று பயப்பட வேண்டாம், உரித்ததும் தயிரில் போட்டு அரைத்துவிட்டால் தயிரின் புளிப்பு அதைத் தள்ளிப்போடும்.

அன்னாசியில்தான் பெரிய அடி வாங்கினேன். மிக்ஸியில் தயிரோடு பச்சை அன்னாசியை அரைத்து, நல்ல மணமாக இருக்கிறதே என்று உறைய வைத்தேன். காலையில் வேப்பங்கொழுந்து போலக் கசந்தது. 8 ஐஸும் வீண். அன்னாசியில் புரதத்தை உடைக்கும் புரோமலைன் என்ற நொதி இருக்கிறது. அது ராத்திரி முழுக்கத் தயிரின் புரதத்தை உடைத்துக் கசப்பாக்கிவிடும். பப்பாளியிலும் கிவியிலும் இதே குணமுள்ள நொதிகள் உண்டு. அன்னாசி வேண்டுமென்றால் சின்னத் துண்டுகளாக்கி, ஒரு கரண்டி சர்க்கரையோடு சில நிமிடம் கொதிக்கவிட்டு, நன்றாக ஆறியபின் சேருங்கள். கொதித்தால் அந்த நொதி செயலிழந்துவிடும். பப்பாளியை நான் இதில் சேர்ப்பதே இல்லை; சும்மாவே வெட்டிக் கொடுத்தால் சாப்பிடுகிறார்கள்.

சப்போட்டா இனிப்பு கூட, ஆனால் நெருநெருவென்று இருக்கும். திராட்சையை முழுசாகப் போடாதீர்கள். உறைந்த திராட்சை கோலிக்குண்டு. சின்னப் பிள்ளைக்குத் தொண்டையில் அடைத்துக்கொள்ளும். நீளவாக்கில் நாலாக வெட்டிப் போடலாம்.

இப்போது அவல். தயிரும் பழமும் மட்டும் போட்ட ஐஸ் 10 மணி வரை தாங்கியது, 11 வரை தாங்கவில்லை. எங்கள் காலத்தில் பள்ளிக்கூட வாசலில் சைக்கிள் பெட்டியில் சேமியா ஐஸ் வரும். நுனியில் கொத்தாகச் சேமியா உறைந்திருக்கும், அதைக் கடிப்பதற்காகவே வாங்குவோம். அந்த நினைவில்தான் முதலில் வேகவைத்த சேமியாவைப் போட்டேன். பிள்ளைகளுக்கு ரொம்பப் பிடித்தது. ஆனால் வேகவைப்பது, வடிப்பது, ஆறவிடுவது என்று ராத்திரி 9 மணிக்கு மேல் இன்னொரு வேலை. ஓட்ஸை ஊறவைத்துப் போட்டுப் பார்த்தேன். கோந்து போல ஒரு வழவழப்பு வந்தது, மகள் முகம் சுளித்தாள். சிவப்பு அவலில்தான் நின்றேன். 3 மேஜைக்கரண்டி அவலைக் கழுவி, மூழ்கும் அளவு காய்ச்சி ஆறிய பாலில் 15 நிமிடம் ஊறவைத்தால் போதும், அடுப்பு வேண்டாம். அரைக்கக் கூடாது. அரைத்த கலவையில் கடைசியில் கரண்டியால் கிளறிவிட வேண்டும். மென்று சாப்பிட ஏதோ இருக்கிறது என்ற உணர்வை அதுதான் தருகிறது.

இனிப்புக்கு விதை நீக்கி ஊறவைத்த 4 பேரீச்சம்பழம் என் அளவு. நாட்டுச் சர்க்கரையும் நல்லதுதான், மாம்பழத்தின் மஞ்சளைக் கொஞ்சம் மங்கலாக்கும், அவ்வளவே. தேன் சேர்த்தால் ஐஸ் மற்ற எதையும்விட மிருதுவாக வரும், அதில் உள்ள சர்க்கரை வகைகள் உறைநிலையைக் கூடுதலாகத் தாழ்த்தும். ஆனால் வீட்டில் 1 வயது நிரம்பாத குழந்தை இருந்து, அதற்கும் ஒரு நக்கு கொடுப்பீர்கள் என்றால் தேன் கூடவே கூடாது. எது சேர்த்தாலும், உறைய வைக்கும் முன் ருசி பார்க்கும்போது ஒரு பங்கு தூக்கலாக இனிக்க வேண்டும். குளிர்ந்த நாக்குக்கு இனிப்பு குறைவாகத்தான் தெரியும்.

அச்சு விஷயத்தில் காசு செலவழித்துக் கற்றுக்கொண்டேன். முதலில் வாங்கிய பிளாஸ்டிக் அச்சில் ஐஸைக் கழற்ற இழுத்தால் கைப்பிடி மட்டும் கையோடு வரும். சிலிகோன் அச்சு நன்றாகக் கழலும், ஆனால் தள்ளாடும்; அடியில் ஒரு தட்டு வைத்தே ஃப்ரீசருக்குக் கொண்டுபோக வேண்டும். குல்ஃபிக்கு விற்கும் அலுமினிய அச்சில் புளிப்பான தயிரை ராத்திரி முழுக்க வைப்பது சரியில்லை, புளிப்பு அலுமினியத்தோடு சேரும். கடைசியில் வீட்டிலேயே இருந்த சின்ன எவர்சில்வர் டம்ளர்கள்தான் ஜெயித்தன. உலோகம் குளிரைச் சீக்கிரம் கடத்தும், கலவை சீக்கிரம் உறையும். சீக்கிரம் உறைந்தால் பனிக்கட்டியும் சிறிதாகவே கட்டும். காலையில் டம்ளரைச் சாதாரணத் தண்ணீரில் கொஞ்ச நேரம் வைத்தால் ஐஸ் வழுக்கிக்கொண்டு வரும்.

டம்ளரை முழுக்க நிரப்பாமல் ஒரு விரல் இடம் விடுங்கள், தண்ணீர் உறையும்போது பெருகும். வாயை அலுமினிய ஃபாயில் போட்டு மூடி, நடுவில் கீறிக் குச்சியைச் செருகினால் குச்சி சாயாது. ஃபாயில் கலவையைத் தொடாமல் இருக்கட்டும். குச்சி ஐஸ் பிறந்த கதையைக் கேட்டதிலிருந்து குச்சி செருகும் வேலை என் மகனுடையது. 1905இல் கலிபோர்னியாவில் ஃபிராங்க் எப்பர்சன் என்ற 11 வயதுப் பையன், கலக்கிய பானத்தைக் குச்சியோடு வாசலில் மறந்து வைத்துவிட்டான். ராத்திரிக் குளிரில் அது உறைந்துபோனது. வளர்ந்தபின் 1924இல் அதற்குக் காப்புரிமையும் வாங்கினார்.

250 கிராம் வடித்த தயிர், ஒரு பெரிய பங்கனப்பள்ளியின் சதை, ஊறிய அவல், பேரீச்சை எல்லாம் சேர்ந்து எங்கள் வீட்டு டம்ளரில் 8 வரும். வேலை 15 நிமிடம். ஃப்ரீசருக்குள் சுவரை ஒட்டி வைத்தால் 8 மணி நேரத்தில் தயார். பழைய ஒற்றைக் கதவு ஃப்ரிட்ஜில் கூடுதலாக ஒன்றிரண்டு மணி நேரம் ஆகும். கலவையை முதலில் கீழ்த்தட்டில் வைத்துக் குளிரவிட்டு, பிறகு ஃப்ரீசருக்கு ஏற்றினால் நெருடல் இன்னும் குறையும்.

இங்கே ஒரு கணக்கைச் சொல்லியே ஆக வேண்டும். அந்த 250 கிராம் தயிரில் உள்ள புரதம் 14, 15 கிராம் இருக்கும். 8 ஐஸுக்குப் பங்கிட்டால் ஒன்றுக்கு 2 கிராமுக்குக் கொஞ்சம் குறைவு, அவலையும் சேர்த்தால் 2 கிராம் போல. நடுத்தர இட்லி ஒன்றில் இருப்பதும் ஏறத்தாழ இவ்வளவுதான். முட்டை ஒன்றில் 6 கிராம். ஆகவே ஒரு ஐஸைக் கையில் கொடுத்துவிட்டுக் காலைச் சாப்பாடு முடிந்தது என்று நினைக்க முடியாது. நான் ஆளுக்கு 2 ஐஸ் கொடுப்பேன். கூடவே ஒரு அவித்த முட்டை, அல்லது ஒரு கிண்ணம் பாசிப்பயறுச் சுண்டல். சுண்டலைக் கண்டால் ஓடும் பிள்ளைக்கு, வறுத்துப் பொடித்த வேர்க்கடலை 2 மேஜைக்கரண்டியைக் கலவையிலேயே சேர்த்துவிடலாம். வாழைப்பழ ஐஸுக்கு அது மிகப் பொருத்தம். வேர்க்கடலை ஒவ்வாமை இல்லாத வீடுகளுக்கு மட்டும் சொல்கிறேன். இப்படிக் கொடுத்த நாட்களில் பிஸ்கட் டப்பாவை 11 மணி வரை யாரும் தொடவில்லை.

நான்காவது வழியான லஸ்ஸியைப் பற்றி. சத்துக் கணக்கில் உறைந்ததும் உறையாததும் ஒன்றே. தயிரிலுள்ள நல்ல நுண்ணுயிரிகளில் ஒரு பகுதி உறைந்தால் சாகும், மீதி செயலற்றுக் கிடந்து, சூடு ஏறியதும் விழித்துக்கொள்ளும். அப்படியானால் ஏன் உறைய வைக்க வேண்டும்? லஸ்ஸியை என் பிள்ளைகள் அரை நிமிடத்தில் குடித்துவிட்டு ஓடுகிறார்கள். குச்சி ஐஸை 10 நிமிடம் உட்கார்ந்து சாப்பிடுகிறார்கள், அந்த 10 நிமிடத்தில் முட்டையும் உள்ளே போகிறது. அது ஒன்றுக்காகத்தான். பள்ளிக்கூடம் திறந்து, 7.30க்கு வேன் வாசலில் நிற்கும் நாட்களில் லஸ்ஸியே சரி. பல் கூச்சம் உள்ள பெரியவர்களுக்கும் அதுவே. எங்கள் அத்தைக்கு அதே கலவையை உறைய வைக்காமல் கிண்ணத்தில் கொடுத்துவிடுவேன்.

மின்வெட்டு இரண்டு மணி நேரத்துக்கு மேல் போனால் டம்ளர்களைத் தொட்டுப் பாருங்கள். இளகியிருந்தாலும் இன்னும் சில்லென்று இருந்தால் உடனே கலக்கிக் குடித்துவிடலாம். வெதுவெதுப்பாகிவிட்டால் கொட்டிவிடுங்கள். எந்த நிலையிலும் மறுபடி உறைய வைக்க வேண்டாம். பனிக்கட்டியும் பெரிதாகும், வயிற்றுக்கும் ஆகாது. மூடி வைத்தால் ஒரு வாரம் வரை வைத்துக்கொள்ளலாம் என்றாலும், நாலு நாளுக்கு மேல் ஃப்ரீசர் வாடை ஏறிவிடுகிறது. அதனால் ஒரு தடவைக்கு 8 தாண்டி நான் போடுவதில்லை.

இந்த வாரம் பங்கனப்பள்ளி நன்றாக வந்திருக்கிறது. அத்தை இப்போதுதான் தயிர் மூட்டையைப் பிரித்துப் பார்த்துவிட்டு, “இன்னும் ஒரு மணி நேரம் கெடக்கட்டும்மா, தண்ணி நிக்கிது” என்று திரும்பக் கட்டி வைத்திருக்கிறார்.